ஏழு மீன்களும் ஒரு படி உப்பும்

நம் வயதில் இருப்பவர்களிடம்தான் இதைச் சொல்ல முடியும். டைபாய்டு என்று யாராவது சொன்னதும் எந்த வீட்டில் யாருக்கு என்ன போனது என்று மனம் தானாக ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு வரும் வயது நமக்கு. ஒரு வீட்டில் முடி போனது, ஒரு வீட்டில் படிப்பு போனது, கோடி வீட்டில் ஆளே போனார். எங்கள் வீட்டில் போனதைச் சொல்ல வேண்டுமானால் மீன்களிலிருந்து ஆரம்பிக்க வேண்டும். ஏழு மீன்கள். நாலு தங்க நிறம், மூன்று கறுப்பு.

எங்களுடையது கருவாட்டு வியாபாரம். செங்கல்பட்டில் மார்க்கெட்டுக்குப் பின்னால் வீடு. முன்னறையில் மூட்டைகள்: நெத்திலி, வாளை, சுறாத் துண்டம். மூலையில் கோணி கோணியாகக் கல்லுப்பு. அந்த வாசனை எங்கள் பள்ளிச் சீருடையில், தலை எண்ணெயில், நோட்டுப் புத்தகத்தின் நடுப்பக்கத்தில்கூட இருந்தது. பெஞ்சில் என் பக்கத்து இடம் எப்போதும் காலியாக இருந்ததால் நான் கை வீசி எழுதப் பழகியவள். எங்கள் வீட்டில் மீன் என்றால் செத்தது, கீறியது, உப்பிட்டது, காய்ந்தது. உயிரோடு ஒரு மீன் எங்கள் வாசற்படி ஏறியது எழுபதுகளில் அந்த ஒரு வருடம்தான்.

கொண்டுவந்தவள் அக்கா. எனக்கு ஒன்பது, அவளுக்குப் பதினாலு. ரயில்வே காலனியில் அவளோடு படித்த ஆங்கிலோ இந்தியப் பெண்ணின் குடும்பம் வீட்டைக் காலி செய்துகொண்டு ஆஸ்திரேலியா போயிற்று. நாய் ஒருவருக்கு, பியானோ ஒருவருக்கு, மீன் தொட்டி அக்காவுக்கு. இரும்புச் சட்டம் போட்ட கண்ணாடித் தொட்டி. மூலையில் கறுப்புப் பூச்சு வெடித்து, நாள் முழுக்க ஒரு சொட்டு விழுவதா வேண்டாமா என்று யோசித்துக்கொண்டே இருக்கும். மேலே தகர மூடி, அதில் ஓட்டை போட்டுத் தொங்கவிட்ட ஒரு பல்பு. கைவண்டியில் கருவாட்டு மூட்டைகளுக்கு நடுவே தொட்டி வந்தது. மீன்கள் அக்கா மடியில், அலுமினியக் குண்டானில், ஒவ்வொரு பள்ளத்துக்கும் தளும்பிக்கொண்டே வந்தன. கூடவே தக்கை மூடிய சின்னக் குப்பியில் நீல மருந்தும், அது எதற்கு, எவ்வளவு என்று சினேகிதி எழுதிக் கொடுத்த ஒரு தாளும்.

அத்தா, எங்கள் தகப்பனார், முதல் நாள் தொட்டி முன்னால் நின்று டீயை ஆறவிட்டார். காலமெல்லாம் மீனைத் தொட்டுப் பிழைத்த மனிதர். அது வாயைத் திறந்து மூடுவதை அவ்வளவு நேரம் அவர் பார்த்ததில்லை என்று நினைக்கிறேன். மகாபலிபுரத்துப் பக்கத்துக் குப்பத்திலிருந்து வாரம் ஒருமுறை கூடையோடு பஸ் ஏறி வரும் கருவாட்டம்மா குனிந்து ஏழையும் எண்ணிவிட்டு, "இத்த எப்போ கொழம்பு வெக்கப் போறே?" என்றாள். அக்கா அவளோடு ஒரு வாரம் பேசவில்லை. அடுத்த வாரம் அவளே ஒரு கை சிப்பியும் சங்கும் கொண்டுவந்து, "இந்தா, ஒம் புள்ளைங்களுக்கு வெளையாடப் போடு" என்று தொட்டிக்குள் போட்டாள். சண்டை தீர்ந்தது.

வீட்டில் அத்தாவின் அக்கா இருந்தார், எங்களுக்கு மாமி. கருங்குழியில் வாழ்க்கைப்பட்டு, புருஷன் மவுத்தாகி, தம்பி வீட்டுக்குத் திரும்பியவர். அவருக்கு ஒரே மகன். ஆறு வயதில் காய்ச்சலில் போனான். ஆஸ்பத்திரியில் வைத்துத்தான் போனான் என்பதை மாமி எப்போதும் ஒரே வாக்கியமாகச் சொல்வார்: "நடந்துபோன புள்ளய தூக்கினு வந்தோம்." அதற்குமேல் சொல்லமாட்டார். எங்கள் இருவரையும் தன் தட்டிலிருந்து ஊட்டி வளர்த்தவர் அவர். இதை இங்கேயே சொல்லிவிடுகிறேன், பிறகு சொன்னால் நம்பமாட்டீர்கள்.

கருங்குழி வீட்டில் ஒரு வழக்கம் இருந்ததாம். குடும்பத்துக்கு வருகிற பலாவை, அதாவது கெட்டதை, வீட்டில் வளர்கிற வாயில்லாத ஜீவன் தன்மேல் வாங்கிக்கொள்ளும். ஆடு செத்தால், புறா செத்தால், அழக் கூடாது. வரவேண்டியது வேறு பக்கம் போயிற்று என்று ரெண்டு பேருக்குச் சோறு போட வேண்டும். தொட்டி வந்ததில் மாமிக்கு இருந்த ஒரே சமாதானம் அதுதான். மகன் காய்ச்சலில் கிடந்த காலத்தில் அவர் வீட்டில் ஒரு கோழிகூட இல்லை.

ஐப்பசிக்கு முந்தின வாரம் அத்தா எங்களைக் கடற்கரைக்குக் கூட்டிப்போனார். மழைக்கு முன்னால் கடைசிச் சரக்கு. மணலில் கண்ணுக்கெட்டிய மட்டும் நெத்திலி, யாரோ வானத்திலிருந்து ஊசிகளைக் கொட்டியதுபோல. திடீரென்று வடக்கே கறுத்தது. குப்பமே ஓடியது. பாயைச் சுருட்டுகிறவர்கள், கையால் வாருகிறவர்கள், காறித் துப்பி வானத்தைத் திட்டுகிறவர்கள். அக்கா பாவாடையைத் தூக்கிச் செருகிக்கொண்டு நடுவில் இறங்கி, அவர்களில் ஒருத்தியைப் போல வாரிக்கொண்டிருந்தாள். முழுக்க நனைந்து, சிரித்துக்கொண்டு, தாகத்துக்கு மணலில் தோண்டிய ஊற்றில் கைகுவித்துக் குடித்தாள். நான் குடிக்கவில்லை. அதில் இலை மிதந்தது.

மழை நிற்கவேயில்லை. கொளவாய் ஏரி தண்டவாளத்தைத் தொட்டுவிட்டதாகச் சொன்னார்கள். கரண்ட் வருவதும் போவதுமாக இருந்தது. தொட்டித் தண்ணீர் ஐஸ் மாதிரி ஆயிற்று. ஒரு நாள் காலை கறுப்பு மீன்களின்மேல் வெள்ளைப் புள்ளிகள். "உப்பு பறந்து ஒட்டிகினு கீது" என்றார் அத்தா. அக்கா கண்ணாடியில் மூக்கை அழுத்திப் பார்த்துவிட்டு, உப்பு நீந்தும்போது கரைந்திருக்காதா என்று கேட்டாள். மீன்கள் சிப்பியின் விளிம்பில் உடம்பைத் தேய்த்துக்கொண்டன. சொறி பிடித்த நாய் சுவரில் தேய்ப்பதுபோல. தாளைத் தேடி எடுத்தாள். அதில் வெள்ளைப் புள்ளிக்கு உப்பு, நீல மருந்து, சூடு என்று இருந்தது.

அன்று மாலையே அவளுக்குக் காய்ச்சல். தொட்டி எதிரில் தெரியும்படி கூடத்தில் பாய் போட்டுப் படுக்க வைத்தார்கள். மறுநாள் உதடு வெடித்திருந்தது. என்னைக் கிட்டே கூப்பிட்டு, மருந்தை நீதான் போட வேண்டும் என்றாள்.

"கொடத்துக்கு ஒரு ஸ்பூன் உப்பு. ரெண்டு சொட்டு நீலம். தொட்டி நாலு கொடம். அப்போ எத்தினி?"

"எட்டு சொட்டு."

"எண்ணிப் போடு. கூடப் போட்டா செத்துடும்டி."

மூன்று முறை சொல்லவைத்தாள். தாளைத் தலையணைக்கடியில் வைத்துக்கொண்டாள்.

நான் உடனே போடவில்லை. அம்மா நெற்றித் துணி நனைக்கத் தண்ணீர் கேட்டுக்கொண்டே இருந்தாள், மாமி ஓதி ஊதிக்கொண்டிருந்தார், டாக்டர் வந்து போனார். காய்ச்சல் இரண்டு நாளில் இறங்காவிட்டால் பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகச் சொல்லிவிட்டுப் போனார். அந்த இரண்டு நாளில் மூன்று கறுப்பு மீன்களும் ஒன்றன்பின் ஒன்றாகச் செத்தன. முதல் மீனைத் தண்ணீரிலிருந்து மாமிதான் எடுத்தார். உள்ளங்கையில் வைத்து, "போச்சு, ஒண்ணு போச்சு" என்றார். அவர் முகத்தில் நான் அதுவரை பார்க்காத ஒரு லேசான தெம்பு.

மூன்றாவது செத்த காலையில் அக்காவின் காய்ச்சல் இறங்கியிருந்தது. கஞ்சி கேட்டாள். அந்தக் காய்ச்சல் காலையில் இறங்கி மாலையில் ஏறும் ஜாதி என்பது இன்று எனக்குத் தெரியும். அன்று எங்கள் வீட்டில் யாருக்குத் தெரியும்? மாமி அத்தாவைப் பார்த்தார். ஆஸ்பத்திரிக்காக வாசலில் வந்து நின்றிருந்த ஜட்காவை அத்தா திருப்பி அனுப்பினார். குதிரை ஈரத்தில் சறுக்கிச் சறுக்கித் திரும்பியது. அம்மா கதவைப் பிடித்துக்கொண்டு அதையே பார்த்திருந்தாள்.

அன்று மதியம், மாமி தொழுதுவிட்டுக் கண்ணயர்ந்தபோது, நான் மருந்து போட்டேன்.

எத்தனையோ அழகுகளைப் பார்த்துவிட்டேன், அதுபோல ஒன்றைப் பார்க்கவில்லை. சொட்டு விழுந்ததும் உடையாமல் ஒரு கணம் நின்றது. பிறகு நூலாய்ப் பிரிந்து, புகையாய்ச் சுழன்று, கடல் தன் சிறுவயதை நினைத்துக்கொண்டதுபோல் தொட்டி முழுக்க நீலம் பரவியது. எட்டு. அக்கா பாயிலிருந்து உதட்டால் எண்ணினாள். நாலு தங்க மீன்களும் நீலத்துக்குள் போய், மங்கி, மறுபடி வந்தன. என் மூன்று விரல்கள் நீலமாகிவிட்டன. கரண்ட் இருந்த நேரமெல்லாம் பல்பு எரிந்தது. மறுநாள் ஒரு மீன் செத்தது. மற்ற மூன்றின்மேல் புள்ளிகள் உதிர ஆரம்பித்தன. மூன்றாம் நாள் அவை இரைக்கு மேலே வந்தன.

அக்காவின் காய்ச்சல் ஏறியது. அவள் தொட்டியைப் பார்ப்பதை நிறுத்தினாள். போர்வையில் இல்லாத நூல்களைப் பிடுங்கிக்கொண்டிருந்தாள். கூரையிடம் ஏதோ கேட்டாள். அம்மா அழுது முடித்து, ஆஸ்பத்திரி ஆஸ்பத்திரி என்று ஒரே சொல்லைச் சுவரைப் பார்த்துச் சொல்லத் தொடங்கியிருந்தாள்.

சாப்பாட்டுத் தட்டில் என் விரல்களை மாமி பார்த்தார். என்ன அது என்று மெல்லக் கேட்டார். சொல்லிவிட்டேன். அடிக்கவில்லை. கொல்லைப்புறம் கூட்டிப்போய், எலுமிச்சைத் தோலும் சாம்பலும் வைத்து ஒவ்வொரு விரலாகத் தேய்த்தார். தேய்த்துக்கொண்டே சொன்னார்.

"அதுங்க அவளுக்காகப் போவுதுங்க புள்ள. மூணு போச்சு, எப்டி எறங்கிச்சு, நீயே பாத்தே. நீ மருந்தப் போட்டுப் புடிச்சி இஸ்துகினே. போவ வழியில்லாம அது அவகிட்டயே திரும்பிச்சு."

நீலம் போகவில்லை. அவர் தேய்ப்பதை நிறுத்தவும் இல்லை. ஒன்பது வயதில் எனக்குக் கணக்கு நன்றாக வரும். மூன்று செத்தன, இறங்கியது. மூன்று பிழைத்தன, ஏறியது. எத்தனை முறை போட்டுப் பார்த்தாலும் அதே விடைதான் வந்தது.

மறுநாள் மதியத்துக்கு முன் கருவாட்டம்மா நனைந்த கூடையோடு வந்தாள். கூடையை இறக்கவேயில்லை. அக்காவின் கழுத்தில் புறங்கையை வைத்துப் பார்த்தாள், வயிற்றைத் தொட்டுப் பார்த்தாள்.

"இன்னா பாய், பொண்ணு இப்டிக் கெடக்குது, பாத்துகினு நிக்கறே? வண்டி வெச்சி இட்டுனு போ."

மாமி மீன்களைக் காட்டினார். நாலு போய்விட்டது, இன்னும் மூன்று இருக்கிறது, அதுவும் போனால் முடிந்துவிடும் என்றார். கருவாட்டம்மா தொட்டியைப் பார்த்தாள். கேலி செய்யவில்லை. அலுத்துப்போன குரலில் பேசினாள்.

"மீனு செத்தா மீனு செத்துச்சு, அவ்ளோதாம்மா. எங்க வூட்ல தெனம் கூட கூடயா சாவுது. எங்க பலா எங்கயாச்சும் போச்சா?"

அத்தா துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வெளியே போய்த் திரும்பினார். மறுநாள் காலை ஜட்கா வரும், இறங்கியிருக்காவிட்டால் கொண்டுபோகிறோம் என்றார். மாமி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு உள்ளே போனார். நடந்து போகும் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு வருவது அவர் கண்ணுக்குத் தெரிந்திருக்க வேண்டும். எனக்கும் தெரிந்தது. ஜட்கா, வெள்ளைத் துணி, திரும்பி வருகிற குதிரை. மீதியிருந்தது ஒரு மதியம். மூன்று மீன்கள்.

முன்னறையில் உப்புக் கோணியின் வாய் எப்போதும் திறந்தே இருக்கும். படியை உள்ளே விட்டு நிறைய அள்ளினேன். அத்தா சரக்கு அளப்பதுபோல் தலையைத் தட்டி வழித்தும் விட்டேன், ஏன் என்று தெரியாது. கூடத்தில் அக்கா மட்டும். கண் பாதி திறந்திருந்தது. நான் அவளுக்கு முதுகைக் காட்டி நின்று தகர மூடியை எடுத்தேன். மீன்கள் மேலே வந்து வாயைத் திறந்தன. இரை என்று நினைத்தன.

பின்னாலிருந்து அக்காவின் குரல் வந்தது.

"ஒண்ணு. ரெண்டு. மூணு."

என்னைப் பார்த்துச் சொன்னாளா, காய்ச்சலில் சொன்னாளா, தெரியாது. திரும்பிப் பார்க்கவில்லை. படியைக் கவிழ்த்தேன். உப்பு கண்ணாடியில் சரசரவென்று இறங்கி, சிப்பியையும் சங்கையும் மூடியது. மீன்கள் ஒரு கணம் அசையாமல் நின்றன. பிறகு ஓடின. கண்ணாடியில் முட்டி, திரும்பி, மறுபடி முட்டி. நான் மூடியைப் போட்டுவிட்டு இரண்டு கையாலும் அழுத்திக்கொண்டேன். உள்ளங்கைக்குக் கீழே தகரம் டிக், டிக் என்றது. அவள் ஏழு வரை எண்ணினாள். எட்டு சொல்லவில்லை.

மாலையில் மாமி மூன்றையும் எடுத்தார். கரையாமல் அடியில் கிடந்த உப்பை அவர் பார்க்கவில்லை. நீலம் அதை மறைத்துவிட்டது. "எல்லாம் போச்சு. அல்லா, எல்லாம் போச்சு" என்று அங்கேயே உட்கார்ந்து அழுதார், சந்தோஷத்தில். அதிகாலையில் அக்காவின் உடம்புச் சூடு கொஞ்சம் இறங்கியிருந்தது, எந்தக் காலையிலும் இறங்குவதுபோல. ஜட்கா வந்தது. அத்தாவே போய், தேவைப்படாது என்று சொல்லி அனுப்பினார். தெருப் பிள்ளைகளுக்கு மாமி கஞ்சி காய்ச்சி ஊற்றினார். நானும் ஒரு குவளை வாங்கிக் குடித்தேன். இனிப்பாக இருந்தது.

அதற்கடுத்த நாள் சாயங்காலம் அக்கா எழுப்பினால் எழுந்திருக்கவில்லை. கழுத்து மரம்போல் விறைத்திருந்தது. ஜட்காவுக்குக் காத்திருக்காமல், கருவாடு ஏற்றும் கைவண்டியில் படுக்கவைத்து அத்தாவே இழுத்துக்கொண்டு ஓடினார். பெரிய ஆஸ்பத்திரி டாக்டர் இத்தனை நாள் எங்கே இருந்தீர்கள் என்று அத்தாவைக் கேட்டாராம். அத்தா, "வூட்லதான் இருந்தோம்" என்றாராம். அம்மா இதைச் சாகும்வரை எத்தனை முறை சொல்லியிருப்பாள். ஒருமுறையும் குரலை உயர்த்திச் சொன்னதில்லை.

அக்கா பிழைத்தாள். ஒன்றரை மாதம் கழித்து, மொட்டைத் தலையும் கழியாய்ப்போன காலுமாக வீட்டுக்கு வந்தாள். பாயில் உட்கார்ந்து எங்கள் எல்லோருடைய வாயையும் மாறிமாறிப் பார்த்தாள். பிறகு, தேவைக்கதிகமான சத்தத்தில், "ஏன் எல்லாரும் மெதுவாப் பேசறீங்க?" என்று கேட்டாள்.

அம்மாதான் முதலில் புரிந்துகொண்டாள்.

அக்கா பள்ளிக்கூடம் திரும்பிப் போகவில்லை. கேட்டு வந்த மாப்பிள்ளைகள் ஒரு தரம் பேசிப் பார்த்துவிட்டுப் போனார்கள். தையல் கற்றுக்கொண்டாள். தொட்டியைப் பற்றி என்னிடம் கேட்டதேயில்லை. அது கொல்லையில் கோழிக்குஞ்சு அடைக்கும் கூண்டாகி, பிறகு ஒரு பக்கம் கண்ணாடி உடைந்து, பிறகு எங்கே போனதென்று தெரியவில்லை. நீலக் குப்பியும் போயிற்று. சினேகிதி ஆஸ்திரேலியாவிலிருந்து ஒரு வாழ்த்து அட்டை அனுப்பினாள். அதில் மீன்களை விசாரித்திருந்தாள். யாரும் பதில் எழுதவில்லை.

மாமி கடைசிவரை தன் கணக்கை மாற்றவில்லை. ஏழும் சேர்ந்து உயிரைக் கொடுத்துவிட்டன, நடுவில் நான் மருந்து போட்டுத் தடுத்த அந்த மூன்று நாளுக்குத்தான் காது போனது என்பது அவர் தீர்மானம். என்மேல் கோபமில்லை. "சின்னப் புள்ள, அதுக்கு இன்னா தெரியும்" என்று வந்தவர்களிடம் என்னை மன்னித்துக்கொண்டே இருப்பார். அந்த மன்னிப்பைக் கேட்டுக்கொண்டு தண்ணீர்ச் சொம்போடு நான் நிற்பேன். அவர் கணக்கில் உப்பு இல்லை. உப்பு எனக்கு மட்டும்தான் தெரியும். மீன்கள் அன்று செத்திருக்காவிட்டால் அக்கா மறுநாள் காலையே ஜட்கா ஏறியிருப்பாள். முழுசாய் ஒன்றரை நாள் முன்னால். தெரிந்த டாக்டர் ஒருவரிடம் யாருக்கோ நடந்ததுபோலக் கேட்டுப் பார்த்தேன். ஒன்றரை நாளில் காது தப்பியிருக்கலாம், தப்பாமலும் இருந்திருக்கலாம், அந்தக் காலத்து மருந்தே கேட்கும் சக்தியை எடுத்திருக்கலாம் என்றார். பதில் என்று அதற்குப் பெயர்.

மாமியை வெறுக்கப் பார்த்தேன், முடியவில்லை. தன் மகனைக் காப்பாற்றத் தெரியாமல்போன வழியில் அவர் எங்கள் அக்காவைக் காப்பாற்றிக்கொண்டிருந்தார். நானும் அதையேதான் செய்தேன். அன்று அந்த வீட்டில் அவளைக் காப்பாற்றாதவர்கள் ஒருவரும் இல்லை.

இப்போது அக்கா என்னோடுதான் இருக்கிறாள், ஊரப்பாக்கத்தில். ஜன்னலுக்கு வெளியே மின்சார ரயில் போகும்போது தரையில் கால் வைத்து, "வண்டி போவுது" என்பாள். போன மாதம் ஒரு பகல். அவள் ஜன்னல் வெளிச்சம் பின்னாலிருந்து விழும்படி உட்கார்ந்து, ஒரு ரவிக்கைக்குக் கொக்கி தைத்துக்கொண்டிருந்தாள். நான் அவளுக்குப் பின்னால் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டு நின்று, முதலிலிருந்து சொன்னேன். முணுமுணுப்பாக அல்ல, அடுத்த வீட்டுக்குக் கேட்கும் குரலில். கோணி, படி, வழித்துவிட்டது, தகர மூடியை அழுத்திய இரண்டு கை, ஏழோடு நின்ற அவள் எண்ணிக்கை, இரண்டாம் முறை திரும்பிய ஜட்கா, கஞ்சி இனித்தது. எதையும் விடவில்லை. ஊசி ஏறி இறங்கிக்கொண்டே இருந்தது.

முடித்துவிட்டு ஓரடி நகர்ந்தேன். அவள் நூலைப் பல்லால் கடித்து அறுத்துவிட்டு, என் நிழல் துணிமேல் விழுவதைப் பார்த்துத் திரும்பினாள்.

"பின்னாடி நின்னுகினு இன்னாடி பண்றே? வெளிச்சத்த மறைக்கறே. ஒக்காரு."

நான் உட்கார்ந்தேன்.